மாற்றல் உத்தரவு: எந்தத் தீர்ப்பு செல்லும்?

பணியிட மாற்றத்தை எதிர்த்துக் கோர்ட்டுக்குப் போகிறவர் கையில் எப்போதும் ஓர் உச்ச நீதிமன்றத் தீர்ப்பின் நகல் இருக்கிறது. அது அவரைக் காப்பாற்றுமா என்பது வேறு விஷயம்.

பெங்களூர் கன்டோன்மென்ட்டின் மற்ற பேட்டைகளைப் போலவே பிரேசர் டவுனும் மாற்றலாகி வந்தவர்களால் உருவான இடம். மதராஸ் சாப்பர்ஸ் படையோடு வந்த தமிழ்க் குடும்பங்கள், ரயில்வேக்கு வந்தவர்கள், பின்னாளில் மத்திய அரசு அலுவலகங்களுக்கும் பொதுத்துறை ஆலைகளுக்கும் வங்கிகளுக்கும் வந்தவர்கள் என்று அடுக்கடுக்காகக் குடியேறியவர்கள். 1898-ல் நகரைத் தாக்கிய பிளேக்குக்குப் பிறகு எழுந்த இந்தக் குடியிருப்புக்குப் பெயர் தந்த ஸ்டூவர்ட் பிரேசரும் மாற்றலுக்கு உட்பட்ட அதிகாரிதான். மைசூர் இளவரசருக்கு ஆசிரியராக வந்து பின்னர் ரெசிடெண்ட் ஆனவர். பேட்டையின் பெயரையே புலிகேசி நகர் என்று அரசு மாற்றிப் பல வருடங்களாகிவிட்டன. மாஸ்க் ரோட்டிலோ கோல்ஸ் ரோட்டிலோ அந்த உத்தரவை இன்னும் பலர் அமல்படுத்தவில்லை.

மனிதர்களுக்கு அந்தச் சலுகை கிடையாது. ஏப்ரல், மே மாதங்களில் வரும் வழக்கமான மாற்றல் பட்டியலைக்கூட எப்படியோ சமாளித்துவிடலாம். பட்டியலுக்கு வெளியே நவம்பரில் தனியாக வரும் உத்தரவுதான் வீட்டைப் புரட்டிப் போடுகிறது. ஒரு குடும்பத்தைக் கற்பனை செய்துகொள்வோம். கணவர் மத்திய அரசு அலுவலகத்தில் எழுத்தர். மனைவி பக்கத்துப் பேட்டையில் பள்ளி ஆசிரியை. மகள் பத்தாம் வகுப்பு. உத்தரவு நாக்பூருக்கு. மறுநாளே அலுவலக நண்பர் ஒருவர் ஜெராக்ஸ் பிரதியோடு வந்துவிடுவார். “கவலைப்படாதீங்க சார், குழந்தைங்க படிப்பு நடுவுல மாத்தக் கூடாதுன்னு சுப்ரீம் கோர்ட்டே சொல்லியிருக்கு.” அதே நேரத்தில் மேலதிகாரியின் மேஜையில் வேறொரு ஜெராக்ஸ் இருக்கும். அதுவும் சுப்ரீம் கோர்ட் சொன்னதுதான்.

நண்பர் கொண்டுவருவது தமிழ்நாட்டிலிருந்து போன வழக்கு. பள்ளிக் கல்வி இயக்குநர் எதிர் ஓ. கருப்பத் தேவன், 1994. கல்வியாண்டின் நடுவில் வந்த மாற்றலைப் பற்றியது. மாற்றுவதற்கு முன் ஊழியரின் கருத்தைக் கேட்டிருக்க வேண்டும் என்று தீர்ப்பாயம் சொல்லியிருந்தது. அப்படி ஒரு கட்டாயம் கிடையாது என்றது உச்ச நீதிமன்றம். ஆனால் அவருடைய பிள்ளைகள் படித்துக்கொண்டிருந்தார்கள். அவசர நிர்வாகத் தேவை இல்லாதபோது பிள்ளைகளின் படிப்புக்கு உரிய மதிப்பு கொடுக்க வேண்டும் என்று சொல்லி, அந்தக் கல்வியாண்டு முடியும் வரை உத்தரவை அமல்படுத்த வேண்டாம் என்றது. சட்டப் பிரச்சினையில் வென்றது கல்வித் துறை. ஊழியருக்குக் கிடைத்தது சில மாத அவகாசம். இருந்தும் முப்பது ஆண்டுகளாக இந்தத் தீர்ப்பை எடுத்துக்கொண்டு ஓடுகிறவர்கள் ஊழியர்கள்தான்.

மேலதிகாரியின் மேஜையில் இருப்பது இந்திய அரசு எதிர் எஸ்.எல். அப்பாஸ், 1993. அப்பாஸ் ஷில்லாங்கில் தாவரவியல் ஆய்வுத் துறையில் தோட்டப் பொறுப்பாளர். மனைவிக்கும் அங்கேயே மத்திய அரசு வேலை. பிள்ளைகள் அங்கே படித்தார்கள். உடல்நிலையும் சரியில்லை. அவரை இமயமலைப் பக்கம் பவுரிக்கு மாற்றினார்கள். கணவன் மனைவியை முடிந்தவரை ஒரே ஊரில் வைக்க வேண்டும் என்று அரசே எழுதி வைத்திருந்த வழிகாட்டுதலைக் காட்டி அவர் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் குவாஹாட்டி கிளையில் வென்றார். உச்ச நீதிமன்றத்தில் தோற்றார். வழிகாட்டுதலை அதிகாரிகள் மனதில் கொள்ள வேண்டும், ஊழியர் கோரிக்கை மனு கொடுத்தால் பரிசீலிக்க வேண்டும், ஆனால் அது கோர்ட் மூலம் வசூலிக்கக்கூடிய உரிமை அல்ல என்பது தீர்ப்பு. யாரை எங்கே போடுவது என்பது நிர்வாகத்தின் வேலை. தீய உள்நோக்கமோ சட்ட விதி மீறலோ இருந்தால்தான் கோர்ட் தலையிடும்.

மேலோட்டமாகப் பார்த்தால் இரண்டும் மோதுகின்றன. உண்மையில் மோதவில்லை. ஏன் என்பதைப் புரிந்துகொள்ள இன்னொரு வழக்குக்குப் போக வேண்டும். வேடிக்கை என்னவென்றால், எந்தத் தீர்ப்பு எந்த அளவுக்குக் கட்டுப்படுத்தும் என்று இந்திய நீதிமன்றங்கள் இன்று வரை மேற்கோள் காட்டும் அந்த வழக்கும் அதிகாரிகளின் மாற்றலைப் பற்றியதுதான்.

ஒரிசா அரசு எதிர் சுதான்சு சேகர் மிஸ்ரா. 1968-ம் ஆண்டு சட்டத் தொகுப்புகளில் வெளியானது. மாவட்ட நீதிபதிகளை மாற்றும் அதிகாரம் அரசுக்கு அல்ல, உயர் நீதிமன்றத்துக்கே என்று அஸ்ஸாம் வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் அதற்குச் சற்று முன்புதான் தீர்ப்பளித்திருந்தது. ஒரிசா உயர் நீதிமன்றம் அதைப் பிடித்துக்கொண்டு தலைமைச் செயலகத்தில் சட்டச் செயலாளர் போன்ற பதவிகளில் இருந்த நீதித்துறை அதிகாரிகள் விஷயத்திலும் தன் சொல்லே இறுதி என்றது. உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு இதை ஏற்கவில்லை. அஸ்ஸாம் வழக்கில் முடிவு செய்யப்பட்டது கோர்ட்டில் உட்கார்ந்து வழக்கு விசாரிக்கும் நீதிபதிகளின் மாற்றல். செயலகப் பதவிகளைப் பற்றி அங்கே கேள்வியே எழவில்லை. ஒரு தீர்ப்பு எதை முடிவு செய்ததோ அதற்கு மட்டுமே ஆதாரம், அதிலிருந்து அங்கொன்றும் இங்கொன்றுமாக வாக்கியங்களைப் பிடுங்கி அவற்றின் மேல் வீடு கட்ட முடியாது என்று அந்தத் தீர்ப்பு சொல்லியது. எழுதியவர் கே.எஸ். ஹெக்டே. மைசூர் உயர் நீதிமன்றத்தில் நீதிபதியாக இருந்தவர். பின்னாளில் பெங்களூர் தெற்கு எம்.பி.யாகி மக்களவை சபாநாயகரும் ஆனார். அவருக்குக் கை கொடுத்தது 1901-ல் பிரிட்டிஷ் பிரபுக்கள் சபை அளித்த ஒரு தீர்ப்பு. அதன் பின்னால் இருந்தது அயர்லாந்தில் ஓர் இறைச்சி வியாபாரிக்கும் தொழிற்சங்கத்துக்கும் நடந்த தகராறு.

இந்த அளவுகோலை வைத்துப் பார்த்தால் இரண்டு ஜெராக்ஸ்களும் அவற்றின் இடத்தில் உட்கார்ந்துவிடுகின்றன. அப்பாஸ் முடிவு செய்தது மாற்றல் செல்லுமா என்பதை. கருப்பத் தேவன் தந்த சலுகை மாற்றல் எப்போது அமலாக வேண்டும் என்பதில். நம் எழுத்தர் இரண்டாவதை வைத்துக்கொண்டு உத்தரவையே ரத்து செய்யும்படி கேட்டால் அப்பாஸ் குறுக்கே நிற்பார். மார்ச் தேர்வு முடியும் வரை அவகாசம் கேட்டால் வழி இருக்கிறது. அதுவும் அவசரத் தேவை இருக்கிறது என்று இலாகா காட்டாத வரை.

தீர்ப்பில் வழக்கை முடிவு செய்யத் தேவைப்பட்ட காரணத்தை வக்கீல்கள் ‘ரேஷியோ’ என்பார்கள். அதுதான் கட்டுப்படுத்தும். போகிற போக்கில் சொன்னதற்கு ‘ஒபிட்டர்’ என்று பெயர். உச்ச நீதிமன்றம் போகிற போக்கில் சொன்னதற்கும் கீழ்க் கோர்ட்டுகள் மரியாதை தரும். ஆனால் மரியாதை வேறு, கட்டுப்பாடு வேறு. கர்நாடகத்திலிருந்தே இதற்கு ஓர் உதாரணம் உண்டு. 1986-ல் பி. வரத ராவ் எதிர் கர்நாடக அரசு. மாற்றல் என்பது அரசுப் பணியோடு கூடப் பிறந்தது, அதை எதிர்த்துப் பணி விதிகளின் கீழ் இலாகாவுக்குள் அப்பீல் செய்ய முடியாது என்பதே அங்கே முடிவானது. கூடவே, காரணமில்லாமல் அடிக்கடி மாற்றுவது குடும்பத்தை வேரோடு பிடுங்குவதாகும், பிள்ளைகளின் படிப்பைக் கெடுக்கும், அது உள்நோக்கம் உள்ளதாகவும் கருதப்படலாம் என்று நீதிபதிகள் கவலையோடு எழுதினார்கள். மாற்றல் மனுக்களில் அந்த வரிகள் தவறாமல் இடம்பெறுகின்றன. வரத ராவ் தோற்றார் என்பதை மனுக்கள் சொல்வதில்லை.

தோற்றவர் பெயரில் ஒரு கொள்கை வென்ற கதையும் உண்டு, அது தமிழ்நாட்டில் நடந்தது. ஈ.பி. ராயப்பா கருணாநிதி ஆட்சியில் தலைமைச் செயலாளராக இருந்தவர். 1971-ல் மாநிலத் திட்டக் குழுவின் துணைத் தலைவர் பதவிக்கும், 1972-ல் விற்பனை வரிச் சட்டங்களைத் திருத்தும் தனி அதிகாரி பதவிக்கும் மாற்றப்பட்டார். முதல்வரின் உள்நோக்கமே காரணம் என்று நேராக உச்ச நீதிமன்றத்துக்குப் போனார். 1973 நவம்பரில் ஐந்து நீதிபதிகளும் அவர் மனுவைத் தள்ளுபடி செய்தார்கள். உயர்ந்த இடத்தில் இருப்பவர் மீது உள்நோக்கம் கற்பிப்பது எளிது, நிரூபிக்கும் சுமையோ மிகக் கனமானது என்று அவருக்குச் சொல்லப்பட்டது. ஆனால் பகவதி, சந்திரசூட், கிருஷ்ணய்யர் ஆகிய மூவரின் சார்பில் பகவதி எழுதிய பகுதியில் ஒரு கருத்து இருந்தது. தன்னிச்சையான செயலும் சமத்துவமும் ஜென்ம விரோதிகள், எனவே தன்னிச்சையான அரசு நடவடிக்கை அரசியல் சாசனத்தின் 14-வது பிரிவை மீறுகிறது என்பது அந்தக் கருத்து. 1978-ல் மேனகா காந்தி வழக்கில் அது மேலும் வலுப்பெற்றது. அரசு கான்டிராக்ட் முதல் கல்லூரி அட்மிஷன் வரை ராயப்பா பெயர் கோர்ட்டில் ஒலிக்கிறது. அவருடைய நாற்காலி மட்டும் திரும்பக் கிடைக்கவில்லை.

நம் எழுத்தருக்கு இன்னொரு ஜெராக்ஸும் வரும். சென்னையில் சொந்தக்காரர் ஒருவருக்கு ஹைகோர்ட்டில் ஸ்டே கிடைத்ததாம். இதில் இரண்டு ஓட்டைகள். சென்னை உயர் நீதிமன்றத் தீர்ப்பு கர்நாடகத்தில் கட்டுப்படுத்தாது. அறிவுரையாக மட்டும் எடுத்துக்கொள்ளலாம். ஸ்டே என்பதோ இடைக்கால உத்தரவு. அது முன்னுதாரணமே ஆகாது. அரசியல் சாசனத்தின் 141-வது பிரிவு உச்ச நீதிமன்றம் ‘அறிவிக்கும் சட்டம்’ எல்லாக் கோர்ட்டுகளையும் கட்டுப்படுத்தும் என்கிறது. அறிவித்தால்தான் கட்டுப்படுத்தும். வாதமே நடக்காமல், அந்தக் கேள்வி யோசிக்கப்படாமல் பிறந்த உத்தரவுக்கு அந்த மதிப்பு இல்லை.

பத்திரிகைத் தலைப்புகள் இதில் நிறையக் குழப்புகின்றன. ‘மாற்றலை உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது’ என்று செய்தி வரும். உள்ளே பார்த்தால், அப்பீலுக்கு அனுமதி கேட்ட மனு ஒரே வரியில் தள்ளுபடி ஆகியிருக்கும். அனுமதி மறுத்தது என்றால் அப்பீலை விசாரிக்க விரும்பவில்லை என்று மட்டுமே அர்த்தம். கீழ்க் கோர்ட் சொன்ன ஒவ்வொரு வார்த்தையும் சரி என்று அர்த்தமல்ல. காரணம் சொல்லித் தள்ளுபடி செய்தால், அந்தக் காரணத்தில் உள்ள சட்டக் கருத்து கட்டுப்படுத்தும். இதை 2000-ல் சொன்ன உச்ச நீதிமன்றம், 2019-ல் மூன்று நீதிபதிகள் அமர்வில் மறுபடி உறுதிப்படுத்தியது. அந்த வழக்கு பெங்களூரின் கோடே மதுபான நிறுவனத்துக்கும் மகாதேஷ்வரா கூட்டுறவு சர்க்கரை ஆலைக்கும் நடந்தது.

சம பலமுள்ள இரண்டு அமர்வுகள் எதிரெதிராகச் சொன்னால்? பின்னால் வந்த அமர்வு முந்தியதை மீற முடியாது, ஒப்புக்கொள்ள முடியாவிட்டால் பெரிய அமர்வுக்கு அனுப்ப வேண்டும் என்று 2017-ல் பிரணய் சேத்தி வழக்கில் ஐந்து நீதிபதிகள் சொன்னார்கள். அது விபத்து நஷ்ட ஈடு பற்றிய வழக்கு. ஆனால் இந்த ஒழுங்கு எல்லா வழக்குகளுக்கும் பொது.

இவ்வளவுக்கும் பிறகு யார்தான் ஜெயிக்கிறார்கள் என்று கேட்கலாம். உத்தரவின் பின்னால் உள்ள கதையைத் தேதியோடு காட்ட முடிந்தவர்கள் ஜெயிக்கிறார்கள். போபாலில் கலால் துறை அதிகாரியாக இருந்த சோமேஷ் திவாரி மீது மொட்டைக் கடிதம் வந்தது. விசாரித்ததில் எதுவும் இல்லை என்று தெரிந்தது. அப்படியும் அவரை ஷில்லாங்குக்கு மாற்றினார்கள். நிர்வாகத் தேவை என்ற போர்வையில் கொடுக்கப்பட்ட தண்டனை இது என்று 2008 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் உத்தரவை ரத்து செய்தது. (மாற்றல் சரித்திரத்தில் ஷில்லாங்குக்கு ஏதோ ராசி. அப்பாஸ் அங்கிருந்து போக மறுத்தார். திவாரி அங்கே போக மறுத்தார். சென்னை உயர் நீதிமன்றத் தலைமை நீதிபதி விஜயா தஹில்ரமணி மேகாலயா உயர் நீதிமன்றத்துக்கு மாற்றப்பட்டபோது 2019-ல் ராஜினாமாவே செய்தார்.)

இந்தூரில் பஞ்சாப் அண்டு சிந்து வங்கியின் தலைமை மேலாளர் ஒருவர் மதுபானக் கான்டிராக்டர்களின் கணக்குகளில் முறைகேடு நடப்பதாகப் புகார் எழுதினார். மேலதிகாரி மீது பாலியல் தொல்லைப் புகாரும் கொடுத்தார். ஜபல்பூர் மாவட்டத்தில் சர்சாவா என்ற கிளைக்கு மாற்றப்பட்டார். நான்காம் நிலை அதிகாரியான அவர் போய்ச் சேர்ந்தது முதல் நிலை அதிகாரிக்கு உரிய கிளை. இந்த ஒரு விவரமே வழக்கின் போக்கைச் சொல்லிவிடுகிறது. 2020 பிப்ரவரியில் அவரை மீண்டும் இந்தூரில் அமர்த்தும்படியும் 50,000 ரூபாய் வழக்குச் செலவு தரும்படியும் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது.

தனியார் துறையில் கதை வேறு. மத்திய அரசு ஊழியர் நிர்வாகத் தீர்ப்பாயத்துக்கும் பிறகு உயர் நீதிமன்றத்துக்கும் போவார். கர்நாடக அரசு ஊழியருக்கு மாநிலத் தீர்ப்பாயம் இருக்கிறது. தமிழ்நாட்டில் அப்படி ஒன்று இப்போது இல்லை. பொதுத்துறை வங்கி ஊழியர் நேராக ரிட் மனு போடுகிறார். தனியார் ஆலைத் தொழிலாளிக்கு வேலை நியமனக் கடிதமும் தொழிலாளர் சட்டமுமே ஆயுதம். அம்ரோஹாவில் இருந்த குந்தன் சர்க்கரை ஆலை, பிறகு வாங்கிய வேறோர் ஆலைக்குத் தொழிலாளிகளை அனுப்பியபோது, அந்த உரிமை ஒப்பந்தத்தில் தானாக அடங்கியிருக்கிறது என்று சொல்ல முடியாது என்றது உச்ச நீதிமன்றம். 1960-ல் வெளியான தீர்ப்பு அது. இன்று பெரும்பாலான நியமனக் கடிதங்களில் ‘இந்தியாவில் எங்கும்’ என்ற வாசகம் இருப்பதற்கு அது ஒரு காரணமாக இருக்கலாம். அந்த வாசகமும் சர்வரோக நிவாரணி அல்ல. தேவாஸ் நகரில் வேலை பார்த்த ஒன்பது தொழிலாளிகளைக் காபரோ எஞ்சினியரிங் நிறுவனம் 900 கிலோமீட்டர் தள்ளி ராஜஸ்தானின் சோபாங்கிக்கு அனுப்பியது. அங்கே போனால் அவர்கள் வேலையின் தன்மையே மாறி, தொழிலாளி என்ற சட்டப் பாதுகாப்பும் போய்விடும். 2021 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் தொழிலாளிகள் பக்கம் நின்றது. உள்நோக்கத்தோடு மாற்றுவதை நேர்மையற்ற தொழில் நடைமுறை என்று 1947-ம் ஆண்டுத் தொழில் தகராறுச் சட்டத்தின் ஐந்தாவது அட்டவணை சொன்னது. 2025 நவம்பரில் அமலுக்கு வந்த தொழில் உறவுகள் தொகுப்புச் சட்டத்திலும் அந்தத் தடை உண்டு.

ஒரு தீர்ப்பை மட்டும் யாரும் ஜெராக்ஸ் எடுத்துத் தருவதில்லை. அதுதான் அதிகம் பேரை வீட்டுக்கு அனுப்பியிருக்கிறது. குஜராத் மின்வாரிய ஊழியர் ஆத்மாராம் போஷானி சூரத்திலிருந்து உகாய்க்கு மாற்றப்பட்டார். மனு கொடுத்துவிட்டுப் பதிலுக்குக் காத்திருந்தார், போய்ச் சேரவில்லை. வேலை போயிற்று. உயர் நீதிமன்றத்தில் வென்றும், 1989-ல் உச்ச நீதிமன்றத்தில் தோற்றார். மனு நிலுவையில் இருப்பது ஸ்டே ஆகாது, உத்தரவு ரத்தாகவோ தள்ளிவைக்கப்படவோ இல்லை என்றால் போய்ச் சேர்ந்தே ஆக வேண்டும் என்பது அங்கே நேரடியாக முடிவு செய்யப்பட்ட விஷயம். ரேஷியோ என்றால் இது ரேஷியோ. மெடிக்கல் லீவு போட்டுவிட்டு வக்கீல் வீட்டுக்கும் டாக்டர் வீட்டுக்கும் நடக்கிறவர்கள் முதலில் படிக்க வேண்டியது இதைத்தான்.

தீர்ப்பு எழுதுகிறவர்களுக்கும் இந்த வலி புதிதல்ல. எமர்ஜென்ஸியின்போது 1976-ல் உயர் நீதிமன்ற நீதிபதிகள் 16 பேர் மாற்றப்பட்டார்கள். குஜராத்திலிருந்து ஆந்திராவுக்குத் தூக்கியடிக்கப்பட்ட சங்கல்சந்த் சேத் வழக்குப் போட்டார். 1981-ல் சென்னைத் தலைமை நீதிபதியாக இருந்த கம்பராமாயண அறிஞர் மு.மு. இஸ்மாயில் கேரளத்துக்கும், பாட்னாவின் கே.பி.என். சிங் சென்னைக்கும் மாற்றப்பட்டார்கள். இஸ்மாயில் பதவியை உதறினார். சிங்கின் மாற்றல் உச்ச நீதிமன்றத்தின் ஏழு நீதிபதிகள் முன் வந்து, 1981 டிசம்பரில் பெரும்பான்மைத் தீர்ப்பால் தப்பியது. நியமனத்திலும் மாற்றலிலும் அரசின் சொல்லே மேல் என்ற அந்தத் தீர்ப்பின் நிலையை 1993-ல் ஒன்பது நீதிபதிகள் கவிழ்த்தார்கள். பெரிய அமர்வு வந்தால் எந்த முன்னுதாரணமும் விழும் என்பதற்கு நீதிபதிகளின் மாற்றல் வழக்கே சாட்சி.

சாதாரண ஊழியர் விஷயத்தில் அப்பாஸ் இன்னும் விழவில்லை. ஆனால் கொஞ்சம் அசைந்திருக்கிறது. மறைமுக வரித் துறையில் ஒரு கமிஷனரேட்டிலிருந்து இன்னொன்றுக்கு மாற்றல் கேட்கும் வசதியை 2018-ல் சுற்றறிக்கை மூலம் நிறுத்தினார்கள். கேரள உயர் நீதிமன்றம் அதைச் சரி என்றது. 2022 மார்ச்சில் உச்ச நீதிமன்றமும் சுற்றறிக்கையை ரத்து செய்யவில்லை. ஆனால் குடும்ப வாழ்க்கையைக் காப்பது அரசியல் சாசனத்தின் 21-வது பிரிவோடு தொடர்புள்ள விஷயம் என்றும், வேலைக்குப் போகும் பெண்கள் வீட்டிலும் வெளியிலும் சுமக்கும் பாரத்தைக் கணக்கில் எடுக்காத கொள்கை நியாயமாகாது என்றும் சொன்னது. கணவன் மனைவி ஒரே ஊரில் இருப்பது, மாற்றுத் திறனாளிகள், கருணை அடிப்படையில் வரும் கோரிக்கைகள் ஆகியவற்றை மனதில் வைத்துக் கொள்கையை மறுபடி பரிசீலிக்கும்படி துறைக்கு உத்தரவிட்டது.

கர்நாடகம் பள்ளி ஆசிரியர்களுக்கு வேறு வழியைத் தேர்ந்தது. 2007-ல் ஆசிரியர் மாற்றலுக்கென்றே தனிச் சட்டம் கொண்டுவந்தது. 2020-ல் அதன் இடத்தில் புதிய சட்டம் வந்தது. கவுன்சலிங், முன்னுரிமை எல்லாம் அதில் எழுத்தில் இருக்கின்றன. வழிகாட்டுதலை மீறினால் அப்பாஸ் குறுக்கே வருவார். சட்டத்தை மீறினால் வர முடியாது. நம் எழுத்தரின் மனைவி அரசுப் பள்ளி ஆசிரியையாக இருந்து, அவருக்கு மாற்றல் வந்திருந்தால், நண்பரின் ஜெராக்ஸைவிட இந்தச் சட்டத்தின் பிரதி அதிகம் உதவியிருக்கும்.